அன்றைக்கு அவனை யார் எழுப்பவில்லை

முப்பத்தொரு வயதில் பணி ஓய்வு பெற்ற ஆள் இந்த ஜொகூரிலேயே நான் ஒருத்தியாகத்தான் இருப்பேன். கேக்கில் அப்படித்தான் எழுதியிருந்தது: "இனிய பணி ஓய்வு, யாழினி." ஸ்கூடாயில் ஒரு கடைவீட்டு மேல்மாடியில் இருக்கும் சின்னத் தமிழ்ப் பதிப்பகம் எங்களுடையது. படிப்பு முடித்த கையோடு அங்கே சேர்ந்தேன். வந்த நாவல்களையெல்லாம் படித்தேன், திருத்தினேன், எழுத்தாளர்களோடு மல்லுக்கு நின்றேன். இப்போது பாலம் தாண்டி சிங்கப்பூரில் வேறு வேலைக்குப் போகிறேன்.

"மத்தவங்க சோகத்த இத்தன வருஷம் படிச்சிருக்கீங்க, உங்களுக்கெல்லாம் எப்பவோ பென்ஷன் குடுத்திருக்கணும் லா" என்றாள் பிரவீணா. கேக்கில் அப்படி எழுதச் சொன்னதும் அவள்தான். என் நாற்காலிக்கு வரப்போகிறவள்.

இந்தக் கட்டுரைக்குக் காரணமும் அவள்தான். "அக்கா, ஒற்றுப்பிழை, எழுத்துப்பிழை எல்லாம் இப்ப மெஷினே பாத்துடுது. கதைச் சுருக்கம்கூட அதுவே எழுதுது. அப்ப நான் இங்க உக்காந்து என்னதான் பண்ணணும்? எழுதி வெச்சிட்டுப் போங்களேன்."

எனக்கு எதையாவது எழுதி வைக்கச் சொன்னால் போதும், சோறு தண்ணி வேண்டாம். உடனே உட்கார்ந்தேன். முதல் பக்கம் பளிச்சென்று வந்தது. இரண்டாம் பக்கத்தில் குணா அண்ணனின் நாவல் குறுக்கே வந்து நின்றுகொண்டது. அதற்கு மேல் அது வேலைக்குறிப்பாக இல்லை. (இதில் வரும் பேர்களை மாற்றிவிட்டேன். கேட்க வேண்டியவரிடம் கேட்டுவிட்டுத்தான் எழுதுகிறேன்.)

பயிற்சிக்காலம் என்று பெரிதாக ஒன்றும் கிடையாது. நான் படித்தது வேதிப் பொறியியல். லேப் ரிப்போர்ட் எழுத வேண்டிய நேரத்திலெல்லாம் நாவல் படித்தேன், அதுதான் என் தகுதி. முதல் வருஷம் ஒற்றுப் போட்டேன். அடுத்த வருஷம், போட்ட ஒற்றில் பாதியை எடுத்தேன். அதற்குப் பிறகு ஒருநாள் ஜமால் சார் ஒரு காகிதக் கட்டைத் தூக்கி என் மேசையில் வைத்து, "இத நீங்களே பாருங்க" என்றார். பயிற்சி முடிந்தது.

ஜமால் சார் எங்கள் முதலாளி. கீழே இருக்கும் சாப்பாட்டுக்கடை அவர் அண்ணனுடையது. அதனால் எங்கள் ஆபீசுக்கு வரும் எந்தக் காதல் கதையும் மத்தியானத்துக்குள் மீன் குழம்பு வாசனைக்கு வந்துவிடும். சார் நின்றுகொண்டுதான் படிப்பார். உட்கார்ந்து படித்தால் எழுத்தாளர்மேல் இரக்கம் வந்துவிடுமாம். கையில் எப்போதும் பென்சில்தான். பேனாவால் ஒருத்தர் எழுத்தில் கை வைப்பது அவருக்குப் பிடிக்காது. "நல்லா இருக்கு" என்று சொல்லி நான் கேட்டதே இல்லை. பிடித்திருந்தால் "சரி, அடுத்தது" என்பார். அவ்வளவுதான் பாராட்டு. எல்லோரையும் நீங்க, வாங்கதான். கோபம் வந்தால் குரல் உயராது, மரியாதை உயரும். "யாழினி" என்பது "யாழினி மேடம்" ஆனால் ஏதோ தப்பு நடந்திருக்கிறது என்று அர்த்தம்.

இப்போது எழுதப்படும் நாவல்களைப் படிக்கிறவர்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. முன்பெல்லாம் கடைசி அத்தியாயத்தில் யாராவது சாவார்கள். இப்போது முதல் அத்தியாயத்திலேயே செத்துவிடுகிறார்கள். மிச்சப் பக்கமெல்லாம், இருக்கிறவர்கள் ஒருத்தர் முகத்தை ஒருத்தர் எப்படிப் பார்க்கிறார்கள் என்பதுதான் கதை. ஒரே வீட்டில் பேசாமல் இருக்கும் அப்பா மகன். பிரிந்த பிறகும் ஒரே தாமான் குடியிருப்பில் அடுத்தடுத்த தெருவில் குடியிருக்கும் புருஷன் பெண்டாட்டி. துக்கம், விதி, உறவு மூன்றும் ஒரே நூல்கண்டாகச் சிக்கிக்கிடக்கும். எந்த முனையை இழுத்தாலும் மூன்றும் சேர்ந்து வரும். இழுக்கிறதுதான் எங்கள் வேலை என்று நான் நினைத்தேன். இப்போது என்ன நினைக்கிறேன் என்று கேட்காதீர்கள்.

எங்கள் வழக்கம் இதுதான். ஜமால் சார் முதல் தடவை பென்சில் இல்லாமல் படிப்பார். இரண்டாம் தடவை சில சொற்களை மட்டும் வட்டம் போடுவார். விதி. தலையெழுத்து. கெட்ட நேரம். நடக்க வேண்டியது நடந்தது. வட்டம் மட்டும்தான், பக்கத்தில் ஒரு வார்த்தை எழுத மாட்டார். எனக்குத்தான் அவசரமாச்சே, அந்த வட்டத்தை ஒரு முறையாகவே ஆக்கினேன். ஒவ்வொரு வட்டத்துக்கும் பக்கத்தில் ஒரு கேள்வி எழுதினேன்: "இங்கே யார் என்ன செய்தார்?" எழுத்தாளர் அதற்கு எழுத்தில் பதில் தரக்கூடாது. கீழே கடைக்கு வந்து, ஒரு தே தாரேக் டீ வாங்கி வைத்துக்கொண்டு, என் முகத்தைப் பார்த்து வாயால் சொல்ல வேண்டும். பிறகு வீட்டுக்குப் போய் அந்த இடத்தைத் திரும்ப எழுத வேண்டும். ஜமால் சார் இதைக் கேட்டுவிட்டு, "செஞ்சு பாருங்க" என்றார்.

முதலில் சிக்கியவர் லாபிஸ் ஊர் மாஸ்டர். ஓய்வுபெற்ற தலைமையாசிரியர். மகளின் மணவாழ்க்கை உடைந்ததைப் பற்றி நாவல். பக்கத்துக்குப் பக்கம் 'அவள் தலையெழுத்து'.

"இந்த எடத்துல யார் என்ன செஞ்சாங்க சார்?"

"யாரும் ஒண்ணும் செய்யல. அதனாலதானே தலையெழுத்துன்னு போட்டிருக்கேன்."

"மாப்பிள்ளைய யார் பாத்தா?"

"தரகர்."

"தரகர யார் பாத்தா?"

மாஸ்டர் ரொட்டியைப் பிய்த்துக்கொண்டே இருந்தார். வாயில் வைக்கவில்லை. "ஏம்மா, நீ போலீஸ் வேலைக்குப் போயிருக்கணும்" என்றார். போய்விட்டார்.

சில மாதம் கழித்துப் புது அத்தியாயம் வந்தது. அப்பா சம்பந்தம் பேச மாப்பிள்ளை வீட்டுக்குப் போகிறார். உள்ளே அந்தப் பையன் தன் அம்மாவைப் பார்த்துக் கத்துவது வாசல்வரை கேட்கிறது. 'வேலை அசதியா இருக்கும்' என்று மனசுக்குள் சொல்லிக்கொண்டு, சிரித்தபடி வெற்றிலைபாக்குத் தட்டை வாங்கிக்கொண்டு வருகிறார். அவ்வளவுதான். படித்து முடித்த கையோடு சாரிடம் கொண்டுபோனேன். ஜமால் சார் நின்றபடியே படித்துவிட்டு "சரி, அடுத்தது" என்றார். அன்றைக்கு மாடிப்படியில் குதித்துக்கொண்டு இறங்கினேன்.

அதே வருஷம் ஜமால் சாரின் அம்மா இறந்துபோனார். நாங்கள் எல்லோரும் அவர் வீட்டுக்குப் போனோம். கிளினிக்கில் டாக்டர் மறுபடி டெஸ்டுக்கு வரச் சொல்லியிருந்ததும், பெருநாள் முடியட்டும் என்று வீட்டில் தள்ளிப்போட்டதும் எனக்குத் தெரியும். சாரே ஆபீசில் சொல்லியிருக்கிறார். அன்றைக்கு அவர், "அல்லாஹ் நாடினான், அவங்க நேரம் அவ்வளவுதான்" என்றார். என் முகத்தில் ஏதோ தெரிந்திருக்க வேண்டும்.

"யாழினி, இது நாவல் இல்ல" என்றார் மெதுவாக.

திரும்பி வரும்போது வழியெல்லாம் ஜாம். காரில் உட்கார்ந்து எனக்கு நானே வாதாடிக்கொண்டு வந்தேன். வீட்டில் வைத்துக்கொள்ளலாம், நாவலில் கூடாது என்றால் என்ன நியாயம்? அடுத்த வாரம் அவர் வேறொரு பிரதியில் விதியை வட்டம் போட்டபோது கேட்டேவிட்டேன்.

"சார், நீங்க நம்புறீங்க. அப்புறம் ஏன் வட்டம் போடுறீங்க?"

"நம்புறதுனாலதான் போடுறேன். அது மேல இருக்கிறவன் வேல. எழுத்தாளர் அதுல கை வெக்கக்கூடாது."

பாதி புரிந்தது. மீதிப் பாதி இன்னும் அப்படியேதான் இருக்கிறது.

குணா அண்ணன் மாசாய்க்காரர். பாசிர் கூடாங் தொழிற்சாலை ஒன்றில் சூப்பர்வைசர். ஷிஃப்ட் முடிந்து மோட்டார் சைக்கிளில் நேராக வருவார். பாதுகாப்புப் பூட்ஸைப் படிக்கட்டு அடியில் கழற்றி வைத்துவிட்டு, காலுறையோடு மேலே ஏறி வருவார். நாவல் முழுவதையும் கைப்பேசியில் தட்டச்சு செய்து அத்தியாயம் அத்தியாயமாக அனுப்பியிருந்தார். கதை அவர் வீட்டுக் கதைதான், அவர் மறைக்கவும் இல்லை. ஒரே வீட்டில் இரண்டு அண்ணன் தம்பி. தம்பி தினமும் விடிவதற்கு முன் மோட்டாரில் சிங்கப்பூர் வேலைக்குப் போகிறவன். ஒருநாள் நெடுஞ்சாலையில் விழுந்து இறந்துபோகிறான். அவன் மனைவியும் பிள்ளைகளும் அதே வீட்டில்தான் அண்ணனோடு இருக்கிறார்கள். நாவலில் தம்பிக்கு ரகு என்று பேர், மனைவிக்கு மாலா. நிஜத்தில் தம்பி மனைவி பேர் செல்வி. அண்ணனுக்குக் கல்யாணம் ஆகவில்லை, கதையிலும் சரி, வீட்டிலும் சரி.

சாவுக்குப் பிந்திய பகுதியை அற்புதமாக எழுதியிருந்தார். கூட்டமெல்லாம் போன பிறகு வாடகை நாற்காலிகளை ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்குகிற சத்தம் இன்னும் என் காதில் இருக்கிறது. ஆனால் அந்தச் சாவு வருகிற இடத்தில் இரண்டே வரி. "அன்று அவனை அலாரம் எழுப்பவில்லை. விதி எழுப்பியது." ஜமால் சார் பென்சில் காகிதத்தில் பதியும் அளவுக்கு அழுத்தி வட்டம் போட்டிருந்தார்.

கீழே கடையில் உட்கார்ந்தோம்.

"அண்ணே, அலாரம் ஏன் அடிக்கல?"

"போன்ல சார்ஜ் இல்லன்னு வெச்சுக்குங்க."

"தினமும் அலாரந்தான் எழுப்புமா?"

"இல்ல. அவன் பொண்டாட்டிதான் எழுப்பும். கோப்பி கலக்கி மேசையில வெச்சிட்டு, போயி எழுப்பி விடும்."

"அன்னைக்கு?"

அவர் என்னையே பார்த்தார். "அன்னைக்கு என்னன்னு யாரும் கேக்கல. சாவு வீட்ல போயி அதையா கேப்பாங்க?"

"நாவல்ல கேக்கலாம்ணே."

"நீங்க வேற லா" என்று சிரித்தார். ஆனால் தே தாரேக்கைக் குடிக்காமலே எழுந்து போனார்.

புது அத்தியாயம் வந்தது. முதல் நாள் ராத்திரி மாலாவுக்கும் ரகுவுக்கும் சண்டை. தினமும் போய் வர முடியவில்லை, வாரம் முழுக்க அங்கேயே தங்கிவிடுகிறேன் என்கிறான் அவன். அவளுக்கு அது பிடிக்கவில்லை. அவன் ஹாலில் போய்ப் படுத்துக்கொள்கிறான். விடியலில் அவள் எழுந்து வழக்கம்போல் கோப்பி கலக்குகிறாள். ஹாலில் மின்விசிறி ஓடுகிற சத்தம் கேட்கிறது. 'நீயே எழுந்திரு' என்று மனசுக்குள் சொல்லிக்கொண்டு, கோப்பியைத் தட்டால் மூடி வைத்துவிட்டு, அறைக்குள் போய்ப் பிள்ளைகள் பக்கத்தில் படுத்துக்கொள்கிறாள். தூங்கவில்லை. அவன் நேரம் கழித்துத் தானே எழுந்து, பதறிக்கொண்டு, கோப்பியைத் தொடாமல் மோட்டாரை எடுக்கிறான்.

ஜமால் சார் இதைப் படிக்கும்போது நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். நான் பார்த்து அவர் உட்கார்ந்து படித்தது அதுதான் முதல் தடவை. "சரி, அடுத்தது" என்று சொல்வதற்குக் கொஞ்ச நேரம் ஆனது.

நான் குணா அண்ணனிடம் கேட்டேன். "இது நெசமாண்ணே?"

"சேச்சே, கற்பனைதான். நீங்க கேட்டீங்க, நான் வெச்சேன். அது பாவம், வாயத் தெறந்து ஒரு வார்த்த பேசாது."

"அவங்க படிச்சா?"

"அதுக்குத் தமிழ் வாசிக்கத் தெரியாது. மலாய் ஸ்கூல்ல படிச்சது. தமிழ்ல பேசச் சொன்னா நாள் பூரா பேசும், தன் பேர எழுதத் தெரியாது."

முதலில் வாய் திறக்காது என்றார், பிறகு நாள் பூரா பேசும் என்கிறார். அதைக்கூட நான் அப்போது கவனிக்கவில்லை. எங்கள் ஊரில் தமிழ் வாசிக்கத் தெரியாதது சாதாரணம். வீட்டுக்கு ஒருத்தராவது அப்படி இருப்பார்கள். சரி, பிரச்சினை இல்லை என்று இரண்டு பேரும் நினைத்துக்கொண்டோம். ஆனால் பிள்ளைகளைத் தமிழ்ப் பள்ளியில்தான் போட வேண்டும் என்று வீட்டில் சண்டை போட்டுச் சேர்த்தவர் குணா அண்ணன். தினமும் தன் மோட்டாரில் கொண்டுபோய் விடுகிறவரும் அவர்தான். தம்பி மகள் வர்ஷா ஆறாம் வகுப்பு, வாசிப்புப் போட்டியென்றால் முதல் ஆளாக நிற்கிறவள். பிழை திருத்த நாங்கள் கொடுத்த அச்சுப்படியை அவர் வீட்டில் சாப்பாட்டு மேசைமேல் வைத்திருந்தார்.

ஒரு வெள்ளிக்கிழமை மத்தியானம். ஜமால் சார் தொழுகைக்குப் போயிருந்தார். ஒரு அக்கா பிளாஸ்டிக் பையோடு மேலே ஏறி வந்தார். பையில் எங்கள் அச்சுப்படி.

"நீங்கதான் யாழினியா? பிள்ளைங்க பெரியப்பா பொஸ்தகத்தப் பாக்குறவங்க?"

செல்வி அக்கா. நாற்காலி நுனியில் உட்கார்ந்தார்.

"என் மகதான் வாசிச்சுக் காட்டினா மிஸ். பெரியப்பா கத எழுதியிருக்காரு, கேளுங்க மான்னு. நானும் வெங்காயம் அரிஞ்சுக்கிட்டே கேட்டேன். ரகு நம்ப அப்பா மாதிரியே இருக்காரு மான்னு சிரிக்கிறா. அப்புறம் இந்த எடம் வந்துச்சு. வாசிச்சு முடிச்சிட்டு என்னையே பாக்கிறா. மா, நீங்க அப்பாவ எழுப்பலயான்னு கேக்கிறா."

"நீங்க என்னக்கா சொன்னீங்க?"

"கதடி, மூடி வெய்யின்னு சொன்னேன்."

நான் படபடவென்று ஆரம்பித்துவிட்டேன். அக்கா, இது கற்பனை. மாலா வேறு, நீங்கள் வேறு. நாவலில் ஒரு காரணம் வேண்டியிருந்தது, அதனால் அண்ணன் யோசித்து வைத்தது. என் தொழில் முழுவதையும் அவர் முன்னால் கொட்டினேன். அவர் பொறுமையாகக் கேட்டுவிட்டு ஒன்றே ஒன்று கேட்டார்.

"அவருக்கு யார் சொன்னது?"

எனக்கு உடனே புரியவில்லை.

"கோப்பிய மூடி வெச்சது வரைக்கும் சரியா எழுதியிருக்காரு. நான் யார்கிட்டயும் சொன்னதில்லயே. எங்கம்மாகிட்டகூடச் சொல்லல. எல்லாரும் தூங்கிக்கிட்டு இருந்தாங்க. அவருக்கு யார் சொன்னது?"

"யாரும் சொல்லலக்கா. நான் கேட்டேன், அவரு யோசிச்சு எழுதினாரு."

"யோசிச்சா தெரிஞ்சிடுமா?"

நாவல் என்றால் என்ன என்று மணிக்கணக்காகப் பேசுகிறவள் நான். மேசைமேல் கிடந்த காகிதங்களை அடுக்க ஆரம்பித்தேன்.

"சாவு அன்னைக்கு வந்தவங்க எல்லாம் என் தலையத் தடவி விதி விதின்னாங்க" என்றார். "அந்த ஒரு வார்த்தையப் புடிச்சுக்கிட்டுத்தான் நான் எழுந்து உக்காந்தேன் மிஸ். நீங்க அத எடுத்துட்டு என் பேர வெச்சிருக்கீங்க."

"உங்க பேரு இல்லக்கா, மாலான்னு..."

"பேரு மாலா. கோப்பி என்னோடது."

பிறகு கேட்க வந்ததைக் கேட்டார். அந்த இடத்தை மாற்றச் சொல்ல வேண்டும். ஆனால் அவர் வந்ததும், அது நிஜம் என்பதும் குணா அண்ணனுக்குத் தெரியக்கூடாது. "ஒரே வீட்ல இருக்கோம். பிள்ளைங்களுக்கு அவரு இல்லாட்டி யாரு? அவருக்குத் தெரிஞ்சா என் கையால சாப்புடுவாரா? வர்ஷா வேற அன்னைலேருந்து என்னை ஒரு மாதிரியா பாக்கிறா. கதையில மாத்திட்டா, பாரு, சும்மா எழுதினதுதான்னு அவகிட்ட காட்டிடுவேன். அவ மொகம் பழையபடி ஆனா எனக்குப் போதும்."

திங்கட்கிழமை ஜமால் சாரிடம் போனேன். "அந்த அத்தியாயத்தப் பழையபடியே விட்டுடலாம் சார்."

"ஏன்?"

"கொஞ்சம் ஓவரா இருக்கு."

"எந்த வரி?"

"எல்லாந்தான்."

"நான் உக்காந்து படிச்சது மேடம் அவர்களே" என்றார். மேடத்துக்கு மேலும் ஒரு படி இருக்கிறது என்பது அன்றைக்குத்தான் தெரிந்தது. காரணத்தைச் சொல்லவும் முடியவில்லை. அவர் பென்சிலைக் காதில் செருகிக்கொண்டு, "அந்தப் பொம்பளையக் குத்தம் சொல்லப் புடிக்கலன்னா வேற ஆளக் கொண்டாங்க. விதிய மட்டும் திரும்பக் கொண்டாராதீங்க. அந்த வீட்ல அன்னைக்கு இன்னும் யாரு இருந்தது?" என்றார்.

அந்தக் கேள்வியைத் தூக்கிக்கொண்டு மாசாய்க்குப் போனேன். வேலை விட்டு மோட்டார்கள் சாரிசாரியாக வெளியே வருகிற நேரம். சாலையோரக் கடை ஒன்றில் குணா அண்ணனைப் பிடித்தேன். வழியெல்லாம் ஒத்திகை பார்த்து வைத்திருந்ததை மூச்சுவிடாமல் சொன்னேன். "பொண்டாட்டி எழுப்பலங்கிறது ரொம்ப சுலபமா இருக்குண்ணே. எல்லாரும் கடைசியில அங்கதான் போயி நிப்பாங்க. கத சொல்றவன் அண்ணந்தானே? அவனும் அந்த வீட்லதானே இருந்தான்? அவன் எங்க போனான்?"

"சாருக்குப் புடிக்கலயா?"

"சாருக்குப் புடிச்சிருக்கு. எனக்குத்தான்..."

"வேற யாராச்சும் படிச்சாங்களா?"

"இல்லயே" என்றேன். கொஞ்சம் வேகமாகச் சொல்லிவிட்டேனோ என்னவோ.

அவர் உள்ளங்கையால் முகத்தை ஒரு தடவை துடைத்துக்கொண்டார். சாலையையே பார்த்துக்கொண்டு பேசினார்.

"எனக்கு அன்னைக்குப் பகல் ஷிஃப்ட். எந்திரிச்சு வெளிய வந்தா, ஹால்ல படுத்திருக்கான். இன்னேரம் பாலத்துல நிக்கணுமேன்னு தோணுச்சு. லீவு போட்டுட்டான் போலன்னு நெனச்சுக்கிட்டு, சத்தம் போடாம கதவத் தெறந்துக்கிட்டுப் போயிட்டேன்."

"இது நாவலுக்குச் சொல்றீங்களாண்ணே?"

"நாவலுக்குத்தான்" என்றார். "நீங்க எழுதிக்குங்க. இல்ல, வேணாம், நானே எழுதுறேன்." உடனே எழுந்துவிட்டார். "அலமாக், பிள்ளைங்களுக்கு டியூஷன். வரேன்."

அவர் போன பிறகு அந்தக் கடையில் வெகுநேரம் உட்கார்ந்திருந்தேன். அவர் சொன்னது உண்மையென்றால், வெளியே போகும்போது மேசையில் மூடி வைத்த கோப்பியைப் பார்த்திருப்பார். அப்படியானால் மாலாவைப் பற்றி முதலில் எழுதியது கற்பனையே இல்லை, அவருக்கு எல்லாம் தெரியும். அல்லது இரண்டுமே கற்பனை, முதலாவது தற்செயலாக உண்மையில் போய் இடித்தது. அல்லது என் முகத்தைப் பார்த்தே யார் படித்தார்கள் என்று கண்டுபிடித்து, பழியைத் தன் தலையில் இழுத்துப் போட்டுக்கொண்டார். மூன்றையும் மாற்றி மாற்றிப் போட்டுப் பார்த்தேன். மூன்றும் பொருந்தின.

நாவலில் மாலா காய்ச்சல் வந்த பிள்ளையோடு உள்ளே தூங்கிப்போனாள். ஹாலைத் தாண்டிப் போனவன் அண்ணன். அந்த அத்தியாயத்தை ஜமால் சார் நின்றபடிதான் படித்தார், பாதியில் சுவரில் சாய்ந்துகொண்டார்.

"முன்னத விட நல்லா இருக்கா சார்?"

"தெரியல" என்றார்.

எத்தனையோ கேட்டிருக்கிறேன், அவர் வாயிலிருந்து இந்த வார்த்தை வந்ததில்லை. நாவல் அப்படியே அச்சுக்குப் போய்விட்டது.

வெளியீடு மாசாயில் ஒரு சின்ன மண்டபத்தில், ஞாயிற்றுக்கிழமை காலை. பேச்சாளர்கள் துக்கத்தைப் பற்றியும் விதியைப் பற்றியும் மைக்கை விடாமல் பேசினார்கள். 'விதி என்ற சொல்லே வராத மரண நாவல்' என்று ஒருத்தர் புகழ்ந்தார். நான் எழுந்து பின்னால் மீ கோரெங் நூடுல்ஸ் வைத்திருந்த மேசைப் பக்கம் போனேன். செல்வி அக்கா அங்கே தட்டு அடுக்கிக்கொண்டிருந்தார்.

"மாத்திட்டீங்க" என்றார். "வர்ஷா புதுசையும் வாசிச்சுக் காட்டினா."

"அவரே மாத்தினாருக்கா. நீங்க வந்தத நான் சொல்லல."

"அவரு நெசமாவே பாத்துட்டுப் போனாரா? இல்ல எனக்காகவா?"

"தெரியலக்கா."

"எனக்கும் தெரியல" என்றார். தட்டுகளைத் துடைத்துக்கொண்டே இருந்தார். "ஆனா வர்ஷா இப்ப அவர அப்படிப் பாக்க ஆரம்பிச்சிட்டா மிஸ். மோட்டார்ல ஏற மாட்டேங்கிறா, பஸ்ல போறேங்கிறா. அவரும் ஏன்னு கேக்கல, சரிங்கிறாரு. எத்தன நாள் பாத்துக்கிட்டு இருக்க முடியும்? அதான் நேத்து சொல்லிட்டேன்."

"என்ன சொன்னீங்க?"

"உங்கப்பாவ எழுப்பாதது நாந்தான்னு."

மைக்கில் யாரோ நன்றியுரை சொல்லிக்கொண்டிருந்தார்கள்.

"அவ, அப்ப கதையில ஏன் பெரியப்பா மேல போட்டிருக்குன்னு கேட்டா. நீங்க படிச்சவங்க, இதே வேலையா இருக்கிறவங்க. நான் என்ன சொல்றது, சொல்லுங்க."

பிரவீணா, நான் என்ன சொன்னேன் என்று நீ கேட்பாய். ஒன்றும் சொல்லவில்லை. இப்போது அதே கேள்வியை எடுத்துக்கொண்டு யாராவது உன்னிடம் வந்தால் நீ என்ன சொல்வாய் என்றும் எனக்குத் தெரியவில்லை. வட்டம் போடு, போடாதே என்று எழுதி வைக்க எனக்குக் கை வரவில்லை. மாஸ்டருக்கு அது சரியாக வந்தது. இங்கே சரியாக வந்ததா, இல்லையா, அதுதான் புரியவில்லை.

அந்த நேரத்தில் வர்ஷா ஒரு புத்தகத்தை எடுத்துக்கொண்டு கையெழுத்து மேசைக்குப் போனாள். குணா அண்ணன் நிமிர்ந்து பார்த்தார். செல்வி அக்கா துடைப்பதை நிறுத்திவிட்டார்.

"யாருக்குன்னு போடணும்?" என்று கேட்டார் குணா அண்ணன், ஏதோ தெரியாத பிள்ளையிடம் கேட்பதுபோல.

"அம்மாவுக்குப் போடுங்க பெரியப்பா."

அவர் பேனாவைத் திறந்து, முதல் பக்கத்தைப் புரட்டினார். பிறகு எழுதினார். தமிழில் இல்லை. நான் நின்ற இடத்திலிருந்து எழுத்துகளின் உருவம் மட்டும்தான் தெரிந்தது, மலாய்க்குப் பயன்படுத்துகிற ரூமி எழுத்து. ஒரு பேர், அதன் கீழே ஒரு வரி.

வர்ஷா அதைக் கொண்டுவந்து அம்மாவிடம் கொடுத்தாள். "நான் வாசிக்கட்டுமா மா?"

"வேணாம்" என்றார் செல்வி அக்கா. ஈரக் கையைச் சேலையில் துடைத்துக்கொண்டு, புத்தகத்தை வாங்கி, உதடு அசைய அவரே வாசித்தார். குணா அண்ணன் எழுதியதில் செல்வி அக்கா தானாக வாசித்தது அந்த ஒரு வரிதான். இன்னொரு தடவை வாசித்தார். புத்தகத்தை மூடிக் கைப்பைக்குள் வைத்தார்.

என்ன எழுதியிருந்தது என்று கேட்க வாய்வரை வந்தது. கேட்கவில்லை.